குவானஹுவாத்தோவில் நடந்து பார்க்க வழிகாட்டி தேவையா? அம்மாவும் வாறா

திருநெல்வேலிச் சந்தி எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். பெறாமகளின் கலியாணத்துக்கு நானும் அம்மாவும் ரொறன்ரோ போகிறோம். கனடா விசா கைக்கு வந்துவிட்டது. கலியாணம் முடிந்த கையோடு தங்கச்சி குடும்பம் மெக்சிகோவுக்கு வெளிக்கிடுகிறது, எங்களையும் வரச்சொல்லி ஒரே கரைச்சல். பிள்ளைகளுக்குக் கான்கூன் கடற்கரை வேண்டுமாம். கடல் பார்க்கவா நான் இவ்வளவு தூரம் பறக்கிறது? காரைநகரில் கசூரினா இருக்கிறது, பஸ் ஏறினால் போதும். அதனால் முதல் நாலு நாளைக்கு நான் சொல்லும் இடம், மிச்சத்துக்குக் கடல் என்று பேசி முடித்திருக்கிறோம்.

நான் சொன்ன இடம் குவானஹுவாத்தோ. மலைச்சரிவு முழுக்க மஞ்சள், நீலம், ரோசா, செங்கல் நிறத்தில் வீடுகளை அடுக்கி வைத்த மாதிரி ஒரு படம் பார்த்தேன், அன்றைக்கே முடிவு எடுத்துவிட்டேன். ஊர் மத்தியை நடந்துதான் பார்க்க வேண்டுமாம். வழிகாட்டியோடு நடக்கும் சுற்றுலாக்கள் நிறைய இருக்கிறதாம். அதற்குக் காசு கொடுப்பது பிரயோசனமா, இல்லை போனைப் பார்த்துக்கொண்டு நாங்களே நடக்கலாமா? எங்களில் ஒருவருக்கும் ஸ்பானிய மொழி தெரியாது. அம்மாவுக்கு முழங்கால் நோ, ஆனால் ஹொட்டேல் அறையில் இருக்க மாட்டேன் என்கிறா. வெள்ளிக்கிழமையில் நாங்கள் மச்சம் சாப்பிடுவதில்லை, அதற்கும் ஒரு வழி சொல்லுங்கோ. மெக்சிகோவுக்குத் தனி விசா எடுக்க வேண்டுமா என்றும் தெரிந்தவர்கள் எழுதினால் நல்லது.

ஸ்காபரோ மாமி எழுதியது:

செல்லுபடியாகும் கனடா விசா கடவுச்சீட்டில் இருந்தால் மெக்சிகோவுக்குச் சுற்றுலா போகத் தனி விசா கேட்பதில்லை. அமெரிக்கா, பிரித்தானியா, ஷெங்கன், ஜப்பான் விசாவுக்கும் அதே கதைதான். என்றாலும் ரிக்கெட் போட முதல் மெக்சிகோத் தூதரகத்தின் பக்கத்தை ஒருக்கால் பார்த்துவிடுங்கோ, விதிகள் மாறுகிற காலம் இது.

கிட்டடி விமான நிலையம் சிலாவோ என்ற இடத்தில் இருக்கிறது. அதற்கு ரிக்கெட் விலை கூட என்றால் மெக்சிகோ சிற்றியில் இறங்கி, வடக்குப் பஸ் நிலையத்தில் சொகுசு பஸ் எடுங்கோ. ஐந்து மணித்தியாலம் அளவில் போகும். இருக்கை எங்கள் கொழும்பு இரவு பஸ்ஸை விட எவ்வளவோ மேல்.

வழிகாட்டிக்கு ஏன் காசைக் கொட்டுகிறீர்கள்? ஊரின் மத்தி சின்னது. போனில் வரைபடம் இருக்கிறது. நாங்கள் பிள்ளைகளோடு சும்மா சுற்றித் திரிந்தோம், ஐஸ்கிரீம் குடித்தோம், படம் எடுத்தோம், ஒரு குறையும் இல்லை.

கோட்டைவாசல் எழுதியது:

தங்கச்சி, மாமி சொன்னது படம் எடுக்கப் போகிறவர்களுக்குச் சரி. அந்த ஊர் ஏன் அப்படி இருக்கிறது என்று விளங்க வேண்டுமென்றால் முதல் நாள் காலையிலேயே ஒருவரைப் பிடியுங்கோ. நான் யாழ்ப்பாணத்தில் கோட்டை, நூலகம், நல்லூர், மந்திரிமனை என்று வெளிநாட்டு ஆட்களைக் கூட்டிக்கொண்டு நடந்து சீவிக்கிறவன். சொந்தத் தொழிலுக்கு வக்காலத்து வாங்குகிறான் என்று நினைத்தாலும் பரவாயில்லை. மகன் அந்தப் பக்கத்தில் ஒரு கார்த் தொழிற்சாலையில் வேலையாக இருந்த காலத்தில் போய் நின்றேன். மற்றவன் இந்தத் தொழிலை எப்படிச் செய்கிறான் என்று பார்க்கும் ஆசையில்தான் நடைச் சுற்றுலாவுக்குக் காசு கட்டினேன்.

வரைபடத்தைப் பற்றி முதலில் சொல்லிவிடுகிறேன். அந்த ஊரில் வீதிக்கு மேலே வீதி, அதற்கு மேலே ஒழுங்கை, அதற்கு மேலே யாரோ ஒருவரின் மொட்டைமாடி. போன் திரையில் எல்லாம் ஒரே இடம். நீங்கள் நிற்பது மேல்தட்டிலா சுரங்கத்திலா என்று அதற்குத் தெரியாது. சுரங்கத்துக்குள் இறங்கினால் புள்ளியே நின்றுவிடும். ஒழுங்கைகள் நேராகப் போவதும் இல்லை, ஒரு முடக்கில் படி ஏறும், அடுத்த முடக்கில் ஒரு வீட்டுக் கதவில் முடிந்துவிடும்.

சரி, வழிகாட்டியின் கதைக்கு வருகிறேன். ஒரு இளம் பெண் வந்தா. கழுத்தில் மெக்சிகோ அரசின் சுற்றுலா அமைச்சு கொடுத்த அடையாள அட்டை. இதை நீங்களும் கேட்டுப் பாருங்கோ, பதிவு செய்த வழிகாட்டிகளிடம் அது இருக்கும். ஹர்தின் தெ லா உனியோன் என்ற முக்கோணப் பூங்காவில் எங்களை நிழலில் நிறுத்தினா. அங்கே கூரை மாதிரி சதுரமாக வெட்டிவிட்ட மரங்கள் நிற்கும், அதற்கு அந்த ஊரில் இந்திய லோரல் என்று பெயர். எங்கள் ஆல், அரசு குடும்பத்து மரம்தான், இலையைப் பார்த்ததும் பிடித்துவிட்டேன். அவ வெயிலைத் தன் முகத்துக்கு எடுத்துக்கொண்டு, எங்களை வெயிலுக்கு முதுகு காட்ட வைத்துக் கதைத்தா. தொழில் தெரிந்தவர்கள் அப்படித்தான் நிற்பார்கள்.

தேவாலயத்தில் தொடங்குவா என்று பார்த்தேன். தண்ணியில் தொடங்கினா. 16ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் அந்தப் பள்ளத்தாக்கில் வெள்ளி அகப்பட்டதும் சனம் வந்து குவிந்தது. தட்டை நிலம் கிடையாது, நடுவில் ஓர் ஆறு மட்டும். ஆற்றின் இரு கரையையும் பிடித்துக் கட்டினார்கள், அது காணாமல் ஆற்றுக்கு மேலேயே கல் வளைவு போட்டு அதன்மேல் வீடு எழுப்பினார்கள். மழைக்காலத்தில் ஆறு சும்மா கிடக்குமா? வெள்ளம் வந்து வந்து அள்ளியது. 1905 ஜூலையில் வந்தது பெரிய வெள்ளம். அதன் பிறகு சுரங்கம் வெட்டி ஆற்றைத் திருப்பி அனுப்பினார்கள். காய்ந்து கிடந்த ஆற்றுப் படுக்கையை 1960களில் வாகனம் ஓடும் வீதியாக மாற்றினார்கள். இப்போது பூங்காவில் பாட்டுக் கேட்டுக்கொண்டு நிற்கும்போது உங்கள் காலுக்குக் கீழே எங்கோ பஸ் போய்க்கொண்டிருக்கும்.

இதை வாயால் சொல்லிவிட்டு விட்டிருந்தால் நான் மறந்திருப்பேன். அவ பையிலிருந்து பிளாஸ்ரிக் உறை போட்ட பழைய படம் ஒன்றை எடுத்தா. வெள்ளம் வடிந்த பிறகு எடுத்தது, வீதியெல்லாம் இடிபாடு. அதே வீதியின் அதே மூலைக்கு எங்களைக் கூட்டிப்போய், படத்தைச் சுவரோடு சேர்த்துப் பிடித்து, படத்திலுள்ள யன்னலையும் எதிரே நிற்கும் யன்னலையும் விரலால் தொட்டுக் காட்டினா. கூட வந்த ஒரு கிழவர் தொப்பியைக் கழற்றிவிட்டார். பிறகு கல்படி வழியாகக் கீழே சுரங்க வீதிக்கு இறங்கினோம். மேலே பார்த்தால் வளைவு வளைவாகக் கல், சில இடத்தில் வீடுகளின் அடிப்பக்கமே வானத்துக்குக் குறுக்கே நீட்டிக்கொண்டு நிற்கிறது. புகைமணம் கொஞ்சம் உண்டு, அம்மாவை அதிக நேரம் அங்கே நிற்க விடாதீர்கள்.

மாரிக்கு மட்டும் ஓடும் வழுக்கையாற்றை விட்டால் எங்களுக்கு ஆறு என்று ஒன்று இல்லை. அதனாலோ என்னவோ அந்த நடையில் எனக்குப் பிடித்த பகுதி இதுதான். தண்ணி தேக்க 18ஆம் நூற்றாண்டில் கட்டிய ஓர் அணையும் இருக்கிறது, பிரெசா தெ லா ஒய்யா. ஒவ்வொரு ஜூலை முதல் திங்களும் அதன் மதகைத் திறப்பதை ஊரே சேர்ந்து திருவிழாவாகக் கொண்டாடுகிறது. எந்தக் கடவுளுக்கு என்று கேட்காதீர்கள், மதகுக்குத்தான்.

வெள்ளிக் கதை நீண்டது. மேட்டில் வலென்சியானா என்ற சுரங்கம், பக்கத்தில் 1788இல் கட்டி முடித்த சான் கயெத்தானோ தேவாலயம். 18ஆம் நூற்றாண்டின் கடைசியில் உலகத்துக்கு வெள்ளி கொடுத்த பெரிய சுரங்கங்களில் அது ஒன்று. அங்கே நடந்து போக முடியாது, பஸ் அல்லது டாக்சிதான். நின்று பார்த்தபோது எனக்கு எங்கள் கோட்டை நினைவுக்கு வந்தது. ஒல்லாந்தர் 1658இல் யாழ்ப்பாணத்தைப் பிடித்த காலத்தில் கிழக்கு வியாபாரத்துக்குக் கப்பலில் கொண்டுவந்த நாணயங்களில் ஸ்பானிய அமெரிக்க வெள்ளியும் இருந்தது. இப்போது நான் கோட்டைக்குக் கூட்டிப் போகிறவர்களிடம் இதையும் சேர்த்துச் சொல்கிறேன். மெக்சிகோக்காரர் யாராவது வந்தால் அவர்கள் முகத்தைப் பார்க்க வேண்டும்!

அடுத்தது அல்ஓந்திகா தெ கிரனாதித்தாஸ். பெயர் பெரிது, விசயம் தானியக் களஞ்சியம். தடித்த சுவர், சின்னச் சின்ன யன்னல். 1810 செப்டெம்பரில் மிகேல் இதால்கோ என்ற பாதிரியார் ஸ்பெயின் ஆட்சிக்கு எதிராகக் கிளம்பினார். அவருடைய கூட்டம் 28ஆம் திகதி இந்த ஊருக்குள் வந்தபோது ஸ்பானியர் பொன் வெள்ளியோடு களஞ்சியத்துக்குள் புகுந்து கதவைச் சாத்திக்கொண்டார்கள். பீப்பிலா என்ற சுரங்கத் தொழிலாளி முதுகில் ஒரு பாறைப் பலகையைக் கட்டிக்கொண்டு, குண்டு மழைக்குள் தவழ்ந்து போய்க் கதவுக்குத் தீ வைத்தான் என்பது கதை. உள்ளே இருந்தவர்களில் தப்பியவர் சொற்பம். அடுத்த வருசம் இதால்கோ பிடிபட்டார். அவருடையதும், அய்யெந்தே, அல்தாமா, ஹிமெனெஸ் ஆகியோருடையதும் ஆக நாலு தலைகளை இரும்புக் கூண்டில் போட்டு அந்தக் கட்டடத்தின் நாலு மூலையிலும் தொங்கவிட்டார்கள். 1821 வரை, பத்து வருசம். மூலைகளில் இப்போதும் அவர்களின் பெயர்கள் உண்டு. உள்ளே மாடிப்படிச் சுவரில் ஹோசே சாவேஸ் மொராதோ வரைந்த பெரிய ஓவியம், அதைப் பார்க்க மட்டுமென்றாலும் உள்ளே போங்கோ.

எரிந்த கட்டடத்தின் முன்னால் அந்நியரை நிறுத்திக் கதை சொல்லும் வேலை எனக்கும் உண்டு. 1981இல் எரித்த யாழ் நூலகத்தைப் பற்றிச் சொல்லும்போது எங்கே குரலை ஏற்றுவது, எங்கே விடுவது என்று இன்றைக்கும் எனக்குள் ஒரு தடுமாற்றம். அந்தப் பெண் குரலை ஏற்றவே இல்லை. திகதி சொன்னா, பெயர் சொன்னா, மூலையைக் காட்டினா. பீப்பிலா உண்மையில் இருந்தானா என்பதில் வரலாற்றுக்காரருக்குள் பிரச்சினை இருக்கிறது என்பதையும் மறைக்கவில்லை. ஒரு வழிகாட்டி நல்லவரா என்று எடைபோட எனக்கு இதுதான் தராசு: எது பதிவு, எது கதை என்று பிரித்துச் சொல்கிறாரா?

அந்தத் தராசில் முத்த ஒழுங்கை நிற்காது. கயெஹோன் தெல் பேசோ. ஒடுங்கிய இடத்தில் அகலம் 68 சென்ரிமீற்றர், எதிரெதிர் மாடங்கள் முட்டுகிற மாதிரி நிற்கும். பணக்காரப் பெண், ஏழைச் சுரங்கத் தொழிலாளி, மாடத்தில் முத்தம், தகப்பன் கையில் கத்தி. மிச்சம் நீங்களே ஊகிப்பீர்கள், எங்கள் படங்களில் பார்க்காததா? மூன்றாம் படியில் நின்று முத்தமிட்டால் ஏழு வருசம் அதிர்ஷ்டம் என்று சோடி சோடியாக வரிசையில் நிற்பார்கள். ஒரு தரம் எட்டிப் பார்த்துவிட்டு வாங்கோ, போதும்.

ஹுவாரெஸ் அரங்கு 1903இல் திறந்தது. பழைய மடம் ஒன்று இருந்த இடத்தில் கட்டினார்கள். முகட்டில் கலைத் தேவதைகளின் சிலைகள் வரிசையாக நிற்கும், ஒன்பது பேர் இருக்க வேண்டிய இடத்தில் எட்டுப் பேர்தான். வழிகாட்டி எங்களை எண்ண விட்டா, பெரியவர்களெல்லாம் விரல் விட்டு எண்ணினோம். தியேகோ ரிவேரா 1886இல் பிறந்த வீடும் ஊருக்குள்ளேயே அருங்காட்சியகமாக இருக்கிறது. அங்கே ஆறுதலாகப் போங்கோ, அதற்கு வழிகாட்டி தேவையில்லை.

பூங்காவில் கையில் படப் புத்தகத்தோடு வந்து வான் வண்டியில் ஏற்றிச் சுற்றிக் காட்டுகிறோம் என்பவர்கள் ஒரு பக்கம். அதிலும் ஒரு தரம் போனேன். இனிப்புக் கடை வாசலில் இறக்கிவிட்ட நேரம் சுரங்க வாசலில் நின்ற நேரத்தை விடக் கூட. கடையில் சாரதிக்கு ஏதோ கிடைக்கிறது, இங்கே பனங்கட்டிக் கடையில் எனக்கும் தரத்தான் பார்த்தார்கள், அதனால் கண்டுபிடிக்கச் சிரமமில்லை. நடந்து காட்டுகிறவர்களையே பிடியுங்கோ. ஆங்கிலத்தில் நடத்தும் குழு எந்த நேரம் என்று முன்கூட்டியே கேளுங்கோ. இலவசம் என்று போட்டிருப்பவர்களும் முடிவில் நாங்கள் கொடுக்கும் சந்தோசத்தில்தான் பிழைக்கிறார்கள், வெறும் கையோடு நழுவக் கூடாது.

திருநெல்வேலிச் சந்தி எழுதியது:

அண்ணை, நீங்கள் எழுதியதை அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். தலை தொங்கவிட்ட இடத்தில் எழும்பிப் போய்விட்டா, பிறகு வந்து மிச்சத்தையும் வாசி என்றா. மம்மிகள் என்று ஓர் அருங்காட்சியகம் இருக்கிறதாம், தங்கச்சியின் மகன் அதைத்தான் பிடித்துக்கொண்டு நிற்கிறான். இரவில் பாட்டுப் பாடிக்கொண்டு கூட்டிப் போகும் நடை ஒன்றும் இருக்கிறதாம், அதற்கு அம்மாவைக் கூட்டிப் போகலாமா? கன படி என்று பயமாக இருக்கிறது.

கொக்குவில் மரக்கறி எழுதியது:

சாப்பாட்டுக்கு நான் சொல்கிறேன். மெக்சிகோவில் மரக்கறி என்று சொன்னால் இறைச்சித் துண்டு இல்லாமல் வரும், அவ்வளவுதான் உத்தரவாதம். அவரைக் கூழைப் பன்றிக் கொழுப்பில் தாளிப்பது வழக்கம், அதற்குப் பெயர் மந்தேக்கா. சோற்றைக் கோழி அவித்த தண்ணியில் வேக வைப்பதும் உண்டு. ஆகவே சின் கார்னே, சின் மந்தேக்கா, சின் கால்தோ தெ போய்யோ என்று ஒரு துண்டில் எழுதிக் கையில் வைத்திருங்கோ. இறைச்சி, பன்றிக் கொழுப்பு, கோழித் தண்ணி மூன்றும் வேண்டாம் என்று அர்த்தம். சோள ரொட்டிக்குப் பயமில்லை, கோதுமை ரொட்டியில் கொழுப்புச் சேர்ப்பார்கள்.

பூசணிப்பூவும் பாற்கட்டியும் வைத்துச் சுடும் கெசதியா கேளுங்கோ, அம்மாவுக்குப் பிடிக்கும். நோபால் என்று ஒன்று வரும், எங்கள் நாகதாளிதான், முள்ளைச் சீவிச் சுடுவார்கள், வெண்டிக்காய் வழுவழுப்பு இருக்கும். குவானஹுவாத்தோவில் இதால்கோ சந்தை இருக்கிறது, 1910இல் திறந்த பெரிய இரும்புக் கட்டடம். மாங்காய்த் துண்டுக்கு மிளகாய்த்தூளும் உப்பும் போட்டுத் தேசிக்காய் பிழிந்து தருவார்கள். உறைப்பு எங்கள் அளவுக்கு இல்லை.

கோட்டைவாசல் எழுதியது:

மம்மி விசயம். அவை மருந்து பூசிப் பதப்படுத்தியவை அல்ல. 1865 அளவில் தொடங்கி, கல்லறைக்குரிய கட்டணத்தை உறவினர் கட்டாவிட்டால் பிரேதத்தை வெளியே எடுத்தார்கள். நிலத்துக்கு மேலே அடுக்கிய கல்லறைகள், காய்ந்த காற்று, உடல்கள் அழுகாமல் வற்றிப் போயிருந்தன. அவற்றைத்தான் கண்ணாடிப் பெட்டியில் வைத்திருக்கிறார்கள், குழந்தைகளும் உண்டு. கட்டணம் கட்ட வழியில்லாத சனத்தின் பிணத்தை நுழைவுச்சீட்டு வாங்கிப் பார்ப்பது எனக்குச் சரிவரவில்லை, வாசலோடு திரும்பிவிட்டேன். பெடியனைத் தகப்பனோடு அனுப்புங்கோ. அம்மா போனால் துடக்கு என்று சொல்லி, திரும்பி வந்து தலை முழுகாமல் தண்ணியும் குடிக்க மாட்டா.

இரவு நடைக்குக் கயெஹோனெயாதா என்று பெயர். அதற்கு வழிகாட்டி என்று தனியாக வேண்டாம். ஹுவாரெஸ் அரங்குக்குப் பக்கத்தில் சான் தியேகோ தேவாலயத்தின் முன்னால் பின்னேரம் ஆட்கள் சேருவார்கள். பழைய ஸ்பெயின் மாணவர் மாதிரி கறுப்பு மேலங்கி போட்ட பாட்டுக்காரர், மண்டலினும் கிற்றாரும் பெரிய பாஸ் வாத்தியமும் தூக்கிக்கொண்டு முன்னே நடப்பார்கள், சனம் பின்னால். நல்லூரில் மேளக்காரருக்குப் பின்னால் வீதி சுற்றுகிற மாதிரித்தான், நாங்கள் நடக்கவில்லை, மேளம்தான் எங்களை நடத்துகிறது. இடையில் நிறுத்திப் பகிடி விடுவார்கள், எல்லாம் ஸ்பானியத்தில். மொழி தெரியாத நான் மற்றவர்கள் சிரித்த இடத்தில் சிரித்தேன். சிலர் வைனும் ஊற்றித் தருவார்கள், பிள்ளைகளுக்குப் பழச்சாறு கேளுங்கோ.

அம்மாவை அதன் தொடக்கத்துக்கு மட்டும் கூட்டிப் போங்கோ. முதல் நாலைந்து பாட்டைத் தேவாலய வாசலிலேயே பாடிவிட்டுத்தான் நகருவார்கள், அதை இருந்து கேட்கலாம். ஒழுங்கைக்குள் ஏறத் தொடங்கியதும் ஒருவர் அவவோடு பூங்காவில் தங்கிவிடுவது நல்லது. வழுவழுத்த கல், மங்கல் வெளிச்சம், பின்னால் தள்ளுகிற கூட்டம், முழங்கால் நோவோடு வேண்டாம்.

படி பற்றி நீங்கள் பயப்படுவது நியாயம். மலை என்று பெயரில் மட்டும் உள்ள கீரிமலைக்குப் பழகிய கால்கள் எங்களுடையவை. அந்த ஊர் கடல் மட்டத்திலிருந்து கிட்டத்தட்ட 2000 மீற்றர், முதல் நாள் இரண்டு மாடி ஏறினாலே மூச்சு வாங்கும். பல்கலைக்கழக வாசலில் ஒரு வெள்ளைப் படிவரிசை நிற்கும், நூறுக்கு மேலே. அதைக் கீழே நின்று பார்த்தால் போதும். சப்பாத்து நன்றாகப் பிடிக்கக் கூடியதாக வாங்குங்கோ, செருப்போடு வெளிக்கிட வேண்டாம்.

எல்லாரும் படத்தில் பார்க்கிற அந்த வர்ணக் காட்சி மேலே பீப்பிலா சிலை நிற்கும் மேட்டிலிருந்துதான். மஞ்சள் தேவாலயம், அதன் பின்னால் வெள்ளைப் பல்கலைக்கழகம், சுற்றிவர வீடுகள். சிலையின் கீழே இன்னும் கொளுத்த வேண்டிய அல்ஓந்திகாக்கள் உண்டு என்ற பொருளில் ஒரு வாசகம் வெட்டியிருக்கிறது. வழிகாட்டி அதை மொழிபெயர்த்துவிட்டு எங்கள் முகங்களைப் பார்த்தா, நான் பேசாமல் நின்றேன். அரங்குக்குப் பின்னாலிருந்து கம்பியில் இழுக்கும் சின்னத் தண்டவாளப் பெட்டி மேலே போகும். பின்னேரம் நாலு, நாலரைக்கு ஏறினால் வெயில் வீடுகளின் முகத்தில் விழும். மேலே போன பலர் இறங்குவது சுகம்தானே என்று ஒழுங்கைப் படி வழியாக நடந்து இறங்குவார்கள். முழங்கால் நோவுக்காரருக்கு ஏறுவதை விட இறங்குவதுதான் வதை. அம்மாவுக்குப் போகவர இரண்டுக்கும் சேர்த்தே ரிக்கெட் எடுங்கோ.

ஒக்ரோபரில் கலியாணம் என்றால் ஹொட்டேலை இப்போதே பிடியுங்கோ. 1972 முதல் அந்த மாதத்தில் செர்வாந்தீனோ கலை விழா நடக்கிறது, அறை கிடைக்காது, கிடைத்தாலும் விலையைக் கேட்க முடியாது.

திருநெல்வேலிச் சந்தி எழுதியது:

கலியாணம் நவெம்பர் முதல் கிழமை அண்ணை, தப்பினோம். பெறாமகன் மம்மிக்குத் தகப்பனோடு, நான் ரிவேரா வீட்டுக்கு, அம்மா பூங்காவில் அந்த ஆலமரத்துச் சொந்தக்காரருக்குக் கீழே என்று பங்கு பிரித்தாயிற்று. காலை நடைக்கு எல்லாரும் வருகிறோம். தேயிலையும் பால்மாவும் இங்கேயிருந்து கட்டிக்கொண்டு போகிறேன், அதை மட்டும் யாரிடமும் கேட்கத் தேவையில்லை என்றா அம்மா.